நடுவில் இல்லாத குரல்

பாட்டுகளைப் பதிவு செய்ய ஐந்நூற்று ஆறு மணி நேரம். மோனோ மிக்ஸிங்குக்கு ஐம்பத்தெட்டு மணி நேரம். ஸ்டீரியோவுக்கு ஏழு மணி நேரம்.

அந்த ஏழு மணி நேரமே பெரிய சலுகை. 1968 ஜனவரியில் லண்டனில் ஸ்டீரியோவுக்காக ஸ்டூடியோ பக்கம் எட்டிப்பார்த்த குழு எதுவும் கிடையாது. பெரும்பாலான வீடுகளில் இருந்தது ஒற்றை ஸ்பீக்கர் பெட்டி. அதனால் மோனோவுக்குக் குழு முழுவதும் உட்கார்ந்து தலைமுடியைப் பிய்த்துக்கொள்ளும். அது முடிந்ததும் கைகுலுக்கிவிட்டு ஊருக்குப் போய்விடும். பிறகு மாடியில் யாராவது ஒருவர், காலை டீக்கும் மாலை டீக்கும் நடுவில், கிட்டாரை இடப்பக்கமும் குரலை வலப்பக்கமும் ஒதுக்கி ஸ்டீரியோ என்று ஒன்றைச் செய்து டப்பாவில் போடுவார். யாரும் கேட்கப் போவதில்லை என்கிற நிம்மதியோடு செய்கிற வேலை அது.

‘தகரத் தோப்பு’ குழுவின் பாடகன் ராய்ஸ்டன் பெக்ஸ்தான் அந்த வழக்கத்தைக் கெடுத்தான். அமெரிக்காவிலிருந்து ஒரு கடிதம் வந்திருந்தது. அங்கே இனி மோனோ இசைத்தட்டு அச்சிடப் போவதில்லையாம். அவர்களுடைய ‘சனிக்கிழமைக் கடல்’ ஆல்பம் ஸ்டீரியோவில் மட்டும்தான் வெளிவருமாம்.

“அப்ப அமெரிக்காக்காரன் கேக்கப் போறது மாடி ஆளுங்க அரைத் தூக்கத்துல செஞ்சதையா?” என்று ராய்ஸ்டன் போனில் கத்தினான். “பிரிண்டில் சார்தான் செய்யணும். நாங்களும் வந்து கூடவே உக்காருவோம்.”

ஸ்டூடியோ மேலாளர் சரியென்று சொல்லிவிட்டார். பிரிண்டிலை யாரும் கேட்கவில்லை. கேட்க என்ன இருக்கிறது? அவர் காதுக்கு மிஞ்சிய காது லண்டனில் இல்லை என்பது அந்தத் தொழிலில் இருந்த எல்லாருக்கும் தெரிந்த விஷயம்.

வில்ஃப்ரெட் பிரிண்டிலுக்கு நாற்பத்து மூன்று வயது. தலைமை ஒலிப்பதிவாளர். வெள்ளைக் கோட்டும் டையும் இல்லாமல் கன்ட்ரோல் ரூமுக்குள் வரமாட்டார். வேலை செய்யும்போது முகத்தைக் கொஞ்சம் வலப்பக்கம் திருப்பி, இடது காதை ஸ்பீக்கருக்குக் காட்டியபடி கண்ணை மூடிக்கொள்வார். அந்தத் திருப்பத்தில்தான் ரகசியம் இருக்கிறது என்று மற்ற ஸ்டூடியோக்களில் இளம் ஒலிப்பதிவாளர்களும் கழுத்தைத் திருப்பிப் பழகினார்கள். இரண்டு பேருக்குக் கழுத்துச் சுளுக்கு வந்ததாகக் கேள்வி.

ரகசியம் இருந்தது உண்மைதான். அவருடைய வலது காது செத்து ஐந்து வருடம் ஆகியிருந்தது.

மகள் ஜில் பள்ளிக்கூடத்திலிருந்து பொன்னுக்கு வீங்கியைக் கொண்டுவந்தாள். ஒரு வாரத்தில் எழுந்து ஓடத் தொடங்கிவிட்டாள். பதினெட்டு நாள் கழித்து அவருக்கு வந்தது. தாடை வீங்கி, வெறும் சூப்பில் நாட்களைத் தள்ளி, ஒரு காலையில் கண் விழித்தபோது வீக்கம் வடிந்திருந்தது. வலப்பக்கத்து உலகமும் வடிந்திருந்தது. கைக்கடிகாரத்தை அந்தக் காதில் வைத்து அழுத்தினார். கண்ணாடியின் குளிர்ச்சி தெரிந்தது. டிக்டிக் இல்லை. நரம்பு போய்விட்டது, இனித் திரும்பாது என்றார் டாக்டர்.

டாக்டருக்கும் மனைவி எனிட்டுக்கும் மட்டும்தான் அது தெரியும். ஸ்டூடியோவில் காதைச் சோதிப்பது வேலையில் சேரும் அன்று மட்டும். தெரிந்தால் மரியாதையாகக் கைகுலுக்கி, ஒலிநாடாக் கிடங்குக்கு மாற்றிவிடுவார்கள். டப்பாக்களுக்கு நடுவே மிச்ச வருடங்களைக் கழிக்க வேண்டியதுதான்.

அவர் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் வரவில்லை. மோனோவுக்கு ஒரே ஸ்பீக்கர். ஒரு ஸ்பீக்கருக்கு ஒரு காது போதும். ஸ்டீரியோ எப்போதும் மாடி ஆட்களின் தலைவலி.

அதோடு, காது போன பிறகு அவர் வேலை மட்டமாகவில்லை, இன்னும் மேலேதான் போனது. இரண்டு காது உள்ளவர்களுக்கு ஒலி எந்தப் பக்கம் என்று தெரியும். அவருக்குப் பக்கம் கிடையாது. மிச்சமிருந்தது தூரம். ஒரு குரலைச் சுற்றி எவ்வளவு காற்று இருக்கிறது, அதன் பின்னால் சுவர் எங்கே நிற்கிறது, பாடுகிறவன் மைக்கிலிருந்து ஒரு அடி விலகினானா ஒன்றரை அடியா என்று அந்த ஒற்றைக் காது அளந்து சொன்னது.

‘சனிக்கிழமைக் கடல்’ மோனோவில் அது முழுதாக வெளிப்பட்டது.

நான்கு பேரும் கோவென்ட்ரி பையன்கள். இங்கிலாந்தில் கடலுக்கு அதைவிடத் தூரமான ஊரைத் தேடிப் பிடிப்பது கஷ்டம். கார்த் தொழிற்சாலைச் சங்கு ஊதி முடிந்த ஒரு சனிக்கிழமை மத்தியானம், கடல் தானாகவே ஊருக்குள் வந்துவிடுகிறது. அதுதான் ஆல்பம். முதல் பாட்டில் பஸ் கண்டக்டர் மணியை இழுக்கிறார், சக்கரங்களுக்கு அடியில் தண்ணீர் சலசலக்கிறது. மூன்றாவது பாட்டில் சலவைக்கடைப் பெண் வெள்ளைத் துணிகளைப் பாய்மரமாகக் கட்டுகிறாள். பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே இடைவெளி இல்லை. ஒன்று வடியும்போதே அடுத்தது ஏறிவிடும். அலைக்கு டிரம்மர் கிளைவ் ட்ரான்டர் குலுக்கிய பால் பாட்டில் பெட்டி. கப்பல் சங்குக்கு ராய்ஸ்டனின் அத்தை வீட்டு ஹார்மோனியம், அதுவும் பாதி வேகத்தில் ஓடிய நாடாவில். கிளைவ் ஒரு சிதார் கூட வாங்கி வந்தான். ஐந்து மாதத்தில் அதைச் சுருதி சேர்க்கத் தெரியவில்லை. கடைசியில் அது எல்லாருடைய கோட்டையும் மாட்டுகிற கொம்பானது.

ராய்ஸ்டன் முதல் நாளே ஒரு சட்டம் போட்டிருந்தான். “தப்பா வந்தது நல்லா இருந்தா, அது தப்பு இல்ல.” அப்படித்தான் கிளைவின் நாற்காலிக் கிறீச்சு ஆல்பத்தில் கடற்பறவையாக உட்கார்ந்தது. பையன்கள் கொண்டுவந்த எந்தக் கிறுக்குத்தனத்துக்கும் பிரிண்டில் முடியாது என்று சொன்னதில்லை. நாடாவில் ஒலியை ஏற்ற நாலு தடம்தான் இருந்தது. அது நிறைந்ததும் நான்கையும் சுருக்கி இன்னொரு நாடாவின் ஒரே தடத்தில் ஏற்ற வேண்டும். டீயில் ஊற்றிய பால் மாதிரி, அப்புறம் பிரிக்க முடியாது. எதை எந்த அளவில் கலப்பது என்று ஒவ்வொரு முறையும் அங்கேயே, அப்போதே முடிவெடுக்க வேண்டும். ஐந்து மாதத்தில் அவர் எடுத்த முடிவுகளில் ஒன்றுகூடப் பிசகவில்லை.

கடைசிப் பாட்டு ஊர்வலம். கடல் திரும்பிப் போகிறது. ஊரே அதை வழியனுப்பப் போகிறது. அதற்காகக் கோவென்ட்ரித் தொழிற்சாலையின் பித்தளைக் குழல் குழு, பதினோரு பேர், தொப்பியோடும் சாண்ட்விச் பொட்டலத்தோடும் பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். பிரிண்டில் அவர்களை ஸ்டூடியோவுக்குள் விடவில்லை. கொதிகலன் அறைக்கு அந்தப் பக்கம், தாழ்வாரத்தின் கோடியில் நிறுத்தினார். நடுவில் மூன்று கதவுகள், மூன்றையும் சாத்தச் சொன்னார். மைக் இந்தக் கோடியில். அவர்கள் வாசித்துக்கொண்டே நடந்து வர வர, டேப் ஆபரேட்டர் தெல்மா செருப்பைக் கழற்றிவிட்டுக் காலுறையோடு ஓடி ஒவ்வொரு கதவாகத் திறந்தாள். மோனோவில் அதைக் கேட்டால் ஒரு முணுமுணுப்பு. பிறகு ஒரு தெருவே திரும்புகிறது. பிறகு ஒரு சதுக்கம் திறக்கிறது. கடைசிக் கதவில் வெயில் முகத்தில் அடிக்கிறது. ஒற்றை ஸ்பீக்கர்தான். அதன் துணிக்குப் பின்னால் அரை மைல் ஊர் இருந்தது.

முதல் முறை கேட்டு முடித்ததும் ராய்ஸ்டன் நாற்காலியைத் தள்ளினான். எழுந்து போய் ஸ்பீக்கருக்குப் பின்னால் எட்டிப்பார்த்தான்.

“என்னடா தேடற?” என்றான் கிளைவ்.

“அவங்க எங்க நிக்கறாங்கன்னு.”

அந்த ஆல்பத்தைத்தான் பிரிண்டில் இன்று ஏழு மணி நேரத்தில் இரண்டு ஸ்பீக்கருக்குப் பிரிக்க வேண்டும்.

தனக்கு உடம்பு சரியில்லை என்று சொல்லியிருக்கலாம். காலையில் ஷூ லேஸைக் கட்டும்போது எனிட் அதையே சொன்னாள். ஆனால் அந்தப் பாட்டுகளை இன்னொருவர் கையில் கொடுக்க அவருக்கு மனம் வரவில்லை. அவரிடம் ஒரு திட்டமும் இருந்தது. மிக்ஸிங் மேசையில் இடத்துக்கு ஒன்றும் வலத்துக்கு ஒன்றுமாக, ஒலியின் அளவை முள்ளால் காட்டும் இரண்டு மீட்டர். இரண்டு முள்ளும் ஒரே உயரத்தில் நின்றால் ஒலி நடுவில். இடது முள் தாழ்ந்து வலது முள் எழுந்தால் ஒலி வலப்பக்கம் போகிறது. காது செய்யாததைக் கண் செய்யும். கணக்குதானே.

வியாழன் காலை பத்து மணிக்கு ராய்ஸ்டனும் கிளைவும் வந்தார்கள். மற்ற இருவரும் சளிக்காய்ச்சலோடு கோவென்ட்ரியில் படுத்திருந்தார்கள். இரண்டாவது ஸ்பீக்கர் அப்போதுதான் மாடியிலிருந்து சக்கர வண்டியில் வந்து சேர்ந்தது. தெல்மா நாடா டப்பாக்களை எடுக்கக் கிடங்குக்குப் போயிருந்தாள். ஒயர் மாட்டுவது அவள் வேலை. ஒலிப்பதிவாளர் தொட்டால் தொழிற்சங்கத்துக்காரர்கள் முகத்தைச் சுளிப்பார்கள். ஆனால் பிரிண்டிலுக்கு இருப்புக் கொள்ளவில்லை. குனிந்து தானே மாட்டினார்.

தெல்மா ஆக்லி பௌதிகப் பட்டதாரி. இருபத்தொன்பது வயது. ஆறு வருடமாக டேப் ஆபரேட்டர். அவளுக்குப் பிறகு சேர்ந்த மூன்று ஆண்கள் ஒலிப்பதிவாளராகிவிட்டார்கள். அதிகம் பேசமாட்டாள். ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் மேசையைச் சுற்றிக்கொண்டு பிரிண்டிலின் இடப்பக்கம் வந்து, தொண்டையைச் செருமிக்கொண்டுதான் தொடங்குவாள். கூச்சம் என்று பிரிண்டில் நினைத்திருந்தார்.

முதல் நாடா சுழன்றது. பிரிண்டில் மணியை இடப்பக்கம் வைத்தார், அலையை இடத்திலிருந்து வலத்துக்கு இழுத்தார், குரலையும் பேஸ் கிட்டாரையும் நடுவில் நிறுத்தினார். முட்கள் சொன்னபடி கேட்டன. ஒன்றுதான் உறுத்தியது. பேஸ் மெலிந்து கேட்டது. மோனோவில் வயிற்றில் இடித்த பேஸ் அது. மாடி ஸ்பீக்கர் மட்டமான சரக்காக இருக்கும் என்று நினைத்துக்கொண்டு பேஸைக் கூட்டினார். முட்கள் துள்ளின. இன்னும் கொஞ்சம் கூட்டினார். முள்ளை நம்பி வந்தவர், அந்த ஒரு விஷயத்தில் மட்டும் முள் சொன்னதைக் கேட்கவில்லை.

முதல் பாட்டு முடிந்ததும் ராய்ஸ்டன் வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தான்.

“சார், என்ன பண்ணீங்க?”

பிரிண்டில் மீட்டரைப் பார்த்தார். “ஏன்?”

“என் குரல் எங்கிருந்து வருதுன்னே தெரியல. முன்னாடி இல்ல. பக்கத்துல இல்ல. எங்கேயோ… எல்லா இடத்துலயும்.”

“எனக்கு மண்டைக்குப் பின்னாடி நின்னு பாடறான்,” என்றான் கிளைவ், பிடரியைத் தடவிக்கொண்டே. “அங்கயும் கட்டைக் குரல்தான்டா உனக்கு. ஆனா சார், இது சூப்பர்.”

“ஊருக்குள்ள கடல் வந்தா இப்படித்தான் கேக்கும்,” என்றான் ராய்ஸ்டன். “இடம்னு ஒண்ணு இருக்காது. சார், நான் சொல்லத் தெரியாம வச்சிருந்ததை நீங்க செஞ்சிட்டீங்க.”

பிரிண்டில் தலையை ஆட்டினார். தான் அப்படி எதையும் செய்யவில்லை என்பது அவருக்குத் தெரியும். குரல் நடுவில் நிற்கிறது, முட்கள் சொல்கின்றன. பையன்கள் வேறு எதையோ கேட்கிறார்கள். அது நல்லதாம். இருக்கட்டும். ஸ்டீரியோ என்றால் மனிதர்களுக்கு இப்படித்தான் இருக்கும்போல என்று எண்ணிக்கொண்டார். அதைக் கேட்டே ஐந்து வருடம் ஆகிவிட்டதே.

ஒரு மணிக்கு முதல் பக்கம் முடிந்தது. பையன்கள் எதிரிலிருந்த பப்பில் சாப்பிட்டுவிட்டு வந்தார்கள். மூன்றேகாலுக்கு ஊர்வலமும் முடிந்தது. கதவு கதவாகப் பித்தளைக் குழல்கள் திறக்க, பிரிண்டில் முட்களைப் பார்த்துப் பார்த்து, ஆற்றைக் கடப்பவர் போல இடத்திலிருந்து நடுவுக்கு அவற்றை நடத்திவந்தார். நெற்றி வியர்த்திருந்தது.

“இருங்க, இருங்க,” என்று ராய்ஸ்டன் எழுந்தான். “ஒரு விளையாட்டு. கடைசி அரை நிமிஷத்தைப் போடுங்க. எல்லாரும் கண்ணை மூடுங்க. குழல் எங்க இருக்கோ அங்க கையைக் காட்டுங்க. நீயும்தான் தெல்மா.”

நாடா ஓடியது. பிரிண்டில் கண்ணை மூடினார். இருட்டில் குழல்கள் அருகில் இருந்தன, மிக அருகில், எட்டு அடி, ஏழு அடி. ஆனால் எங்கே? இமையைக் கொஞ்சமாகத் திறந்து முட்களைப் பார்த்துவிட்டு நேர் எதிரே கை நீட்டினார்.

“திறங்க!”

கிளைவின் விரல் கூரையைக் காட்டியது. ராய்ஸ்டன் தன் பிடரியையே தொட்டுக்கொண்டிருந்தான். இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தெல்மா கையைத் தூக்கவே இல்லை.

“மேடம் தூங்கிட்டாங்க,” என்றான் கிளைவ்.

தெல்மா மேசையைச் சுற்றிக்கொண்டு வந்தாள். தொண்டையைச் செருமினாள். “சார், நடுவுல எதுவும் இல்ல. குரலும் இல்ல, குழலும் இல்ல. எங்க கை காட்டறதுன்னே தெரியல.”

“நடுவுலதான் இருக்கு,” என்றார் பிரிண்டில். வாயிலிருந்து வந்துவிட்டது. “பாரு, ரெண்டு முள்ளும் சமம்.”

“முள்ளு சமம்தான் சார். ஆனா கேட்டா…”

“தெல்மா,” என்றான் ராய்ஸ்டன். கோபமில்லை, செல்லமாகத்தான் சொன்னான். “நடுவுல இல்லாததுதான் இதோட அழகே. பிரிண்டில் சார் நடுவுல இருக்குங்கறாரு, எனக்கு மண்டைக்குள்ள கேக்குது. இதுல யார் காது சரின்னு நான் யோசிக்கணுமா? லண்டன்ல இந்தக் காதை நம்பித்தான் நான் அஞ்சு மாசம் இங்க கிடந்தேன்.” டப்பாவை இழுத்து மூடியில் கையெழுத்துப் போட்டான். “முடிஞ்சுது. அஞ்சு மணி வேன்ல அனுப்பிடுங்க. நான் டீ குடிக்கப் போறேன்.”

தாழ்வாரத்தில் டீ வண்டியின் கப்புகள் குலுங்கின. பையன்கள் இருவரும் போனார்கள். தெல்மா கேட்டு முடித்த நாடாவைச் சுற்றிவைத்தாள்.

ஆறு வருடத்தில் மிக்ஸிங்கைப் பற்றி அவள் ஒரு வார்த்தை சொன்னதில்லை. பிரிண்டிலுக்கு அதுதான் உள்ளே குடைந்தது.

“நீயும் போய் டீ குடிச்சிட்டு வா,” என்றார்.

அவள் போனதும் ஊர்வலத்தை மறுபடி ஓடவிட்டார். வலது ஸ்பீக்கரை அணைத்தார்.

பேஸ் காட்டெருமை மாதிரி அறைக்குள் பாய்ந்தது. மேசையில் பென்சில் உருண்டது. வலது ஸ்பீக்கரைத் திரும்பப் போட்டார். இரண்டு ஸ்பீக்கர் ஓடினால் பேஸ் இரட்டிக்க வேண்டும். அது செத்துப்போனது. மறுபடி அணைத்தார். பாய்ந்தது. போட்டார். செத்தது.

அவர் குனிந்து ஸ்பீக்கர் வண்டிக்குப் பின்னால் பார்த்தார். சிவப்பு ஒயர் இருக்க வேண்டிய இடத்தில் கறுப்பு. கறுப்பின் இடத்தில் சிவப்பு.

இரண்டு ஸ்பீக்கரும் ஒரே நேரத்தில் காற்றை முன்னே தள்ள வேண்டும். இங்கே ஒன்று தள்ளும்போது மற்றது இழுத்துக்கொண்டிருந்தது. நடுவில் இருக்க வேண்டியதை எல்லாம் இரண்டும் சேர்ந்து தின்றுவிட்டன. பையன்கள் மயங்கிய அந்த மாயம் நாடாவில் இல்லை. இந்த அறையில், இந்த இரண்டு ஒயரில் இருந்தது. நாடாவில் இருந்தது, அவர் காலையிலிருந்து அள்ளி அள்ளிப் போட்ட பேஸ். அமெரிக்காவில் எவனாவது அதை வாங்கி வீட்டில் போட்டால் சேற்றுக்குள்ளிருந்து ஒருவன் பாடுவான். அதற்கு முன்னால், இசைத்தட்டு வெட்டும் இடத்திலேயே ஊசி பள்ளத்தைவிட்டுக் குதித்துவிடும்.

இரண்டு காது உள்ள எவரும் அரை நிமிடத்தில் இதைக் கண்டுபிடித்திருப்பார். பையன்களுக்கும் கேட்டது. அவர்கள் அதை அவருடைய வித்தை என்று நினைத்துக்கொண்டார்கள். தெல்மாவுக்கும் கேட்டது. அவள் சொன்னாள். அவர்தான் முள்ளைக் காட்டி வாயை அடைத்தார்.

மணி மூன்று நாற்பது.

அவர் ஒயரைச் சரியாக மாட்டினார். 

பையன்கள் வாயில் கேக் துணுக்கோடு திரும்பி வந்தார்கள். தெல்மா பின்னால் வந்தாள். பிரிண்டில் நாடாவைப் போட்டார்.

ராய்ஸ்டனின் கப் உதட்டருகில் நின்றுவிட்டது. அவன் குரல் ஒரு மூட்டைக்குப் பின்னாலிருந்து வந்தது. பேஸ் சுவரை இடித்தது. குழல்கள் வந்தன, எங்கோ மங்கலாக.

“என்ன சார் இது? எங்க போச்சு?”

“வலது ஸ்பீக்கர் ஒயர் மாறிப்போயிருந்தது,” என்றார் பிரிண்டில். “காலையிலேர்ந்து நீங்க கேட்டது நாடாவுல இல்ல. நாடாவுல இருக்கறது இதுதான்.”

 ராய்ஸ்டன் மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்தான். டப்பா மூடியில் தன் கையெழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“ஒயரு,” என்றான் கிளைவ். தெல்மாவின் பக்கம் திரும்பினான். “ஒயர் மாட்டறது உன் வேலைதானே? அடிப்பாவி! சிவப்புக்கும் கறுப்புக்கும் வித்தியாசம் தெரியாதா? இதுல நீ சாருக்கே பாடம் எடுக்கற, நடுவுல இல்ல, ஓரத்துல இல்லன்னு!”

தெல்மா அந்த ஒயரைத் தொடவே இல்லை. அவள் பிரிண்டிலைப் பார்த்தாள். நீண்ட பார்வை இல்லை, கண் சிமிட்டும் நேரம்தான். பிறகு கிளைவிடம் திரும்பினாள்.

“ஆமா,” என்றாள். “நான்தான் மாத்தி மாட்டிட்டேன். மன்னிச்சிடுங்க.”

பிரிண்டிலுக்குக் காதுமடல் சூடேறியது. அப்படியானால் அவளுக்குக் காது விஷயம் தெரியும். இது இன்று தெரிந்துகொண்டது இல்லை. ஐந்து வருடமாக மேசையைச் சுற்றிக்கொண்டு இடப்பக்கம் வந்தது கூச்சத்தால் இல்லை.

“மன்னிக்கறதா?” கிளைவ் குரலை உயர்த்தினான். “அஞ்சு மணிக்கு வேன் வருது! அமெரிக்காவுக்குச் சேத்தை அனுப்பவா?”

“கத்தாதடா,” என்றான் ராய்ஸ்டன். அவன் முகம் வெளிறியிருந்தது. அவன் அப்பா வேலை செய்த தொழிற்சாலையின் ஆட்கள் பதினோரு பேர் தொப்பியைக் கழற்றாமல் நடந்த பாட்டு அது. “சார் இருக்காரு. சார், எண்பது நிமிஷம் இருக்கு. ஆல்பம் முப்பத்தெட்டு நிமிஷம். எது எங்க வைக்கணும்னு எல்லாம் முடிவாயிடுச்சு. பேஸைக் குறைச்சு, ஒவ்வொண்ணையும் ஒரே தடவை ஓட்டினா முடிஞ்சிடும் இல்ல? உங்களால முடியும். மாடியிலேர்ந்து வேற ஆளைக் கூப்பிட்டுக்கலாம், தெல்மா போகட்டும்.”

தெல்மா சிதாரில் மாட்டியிருந்த தன் கோட்டை எடுத்தாள்.

எண்பது நிமிடம் போதும். பிரிண்டில் கணக்குப் போட்டுப் பார்த்தார். பேஸைப் பழைய அளவுக்கு இறக்கி, முட்களைப் பார்த்துக்கொண்டே முடித்துவிடலாம். குற்றம் சொல்ல முடியாத ஒரு ஸ்டீரியோ கிடைக்கும். மணி இடப்பக்கம், அலை வலப்பக்கம், எல்லாம் அளந்தபடி. பையன்கள் கைகுலுக்கிப் போவார்கள். ஒயர் கதை தெல்மாவின் பெயரில் மாடிவரை போகும். கதவு கதவாகத் திறந்த அந்த ஊரை அவர் இரண்டு முள்ளுக்கு நடுவில் ஒரு வரைபடம் மாதிரி நிறுத்திவைப்பார். அதில் யாராவது குடியிருக்கிறார்களா என்று அவருக்கு ஒருபோதும் தெரியப்போவதில்லை.

அவர் எழுந்தார். நாற்காலியைத் தெல்மாவின் பக்கம் தள்ளினார்.

“கோட்டைத் திரும்ப அங்கயே மாட்டிட்டு வந்து உக்காரு.”

“சார், வேணாம்,” என்றாள் தெல்மா மெல்ல.

“உக்காரும்மா. நேரம் போகுது. பேஸை மோனோவுல இருந்த இடத்துக்கு இறக்கு. குரல் எங்க நிக்கணும்னு உனக்கு எங்க தோணுதோ அங்க வை. குழலை நான் வச்சபடி வைக்காதே. கதவெல்லாம் திறந்தது நீ. அவங்க எந்தப் பக்கத்துலேர்ந்து வந்தாங்கன்னு உனக்குத்தான் தெரியும். நான் நாடாவை ஓட்டறேன்.”

“என்ன நடக்குது இங்க?” கிளைவ் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். “ஒயரை மாத்தி மாட்டினவங்க கையில ஆல்பத்தையா கொடுப்பீங்க?”

“மாத்தி மாட்டினது நான்,” என்றார் பிரிண்டில். “காலையில, அவ கிடங்குல இருந்தப்ப. அவ தொடவே இல்ல.”

தெல்மா நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ராய்ஸ்டன் எழுந்து பிரிண்டிலின் அருகில் வந்தான்.

“சரி சார், நீங்களே மாட்டினீங்க. யாருக்கும் கை தவறும். ஆனா நீங்க அஞ்சு மணி நேரம் இங்கயே உக்காந்திருந்தீங்க. குரல் எனக்கு மண்டைக்குள்ள கேட்டுச்சு, இவனுக்குப் பின்னாடி கேட்டுச்சு, தெல்மாவுக்கு இடமே தெரியல. உங்களுக்கு மட்டும் எப்படி ஒண்ணும் வித்தியாசமா தெரியாம போச்சு?”

அவன் வலப்பக்கத்தில் நின்றிருந்தான். பிரிண்டில் அவன் உதடுகளைப் பார்த்துப் பாதியைத்தான் பிடித்திருந்தார். பாதி போதுமானதாக இருந்தது. முகத்தை முழுவதுமாக அவன் பக்கம் திருப்பினார்.

“எனக்கு வலது காது கேக்காது, ராய்ஸ்டன்,” என்றார். “அஞ்சு வருஷமா.”